மேய இடம் தந்தது யார்?

ஆடு என்ற சொல்லைக் கேட்டதும் நமக்கு நல்லாயன் நினைவுக்கு வருகிறார். தோளில் குட்டியைச் சுமந்து நிற்கும் அவருடைய சுரூபமோ படமோ இல்லாத கோவில் நம் பக்கத்தில் அரிது. காணாமற்போன ஆட்டைப் பற்றி நாமும் இருபத்தேழு ஆண்டுகளாக மறையுரை ஆற்றி வருகிறோம். ஆயினும், வழிதவறிய அந்த ஆடு போன இடத்தில் எதைத் தின்றது, அது தின்றதனால் அங்கே எது இல்லாமற்போயிற்று என்று ஒருநாளும் எண்ணிப் பார்த்ததில்லை. எண்ண வைத்தவர்கள் இருவர். ஒருவர் அந்தமானில் நாம் சந்தித்த முதியவர். மற்றவர் நாம் முன்பு பணியாற்றிய பங்கைச் சேர்ந்த ஒரு விதவைத் தாய்.

2020ஆம் ஆண்டு சனவரியில், போர்ட் பிளேரில் வாழும் தமிழ்க் கத்தோலிக்கருக்கு மூன்று நாள் தியானம் நடத்தச் சென்றிருந்தோம். கடலைக் கடந்து போனாலும் கரிசல் காட்டு மக்களைக் காணாமல் இருக்க முடியாது போலும். தியானத்தின் இறுதி நாளன்று, சாத்தூர்ப் பக்கத்திலிருந்து இளம் வயதில் அங்குக் குடியேறிய முதியவர் ஒருவர் எம்மைத் தேடி வந்தார். கப்பல்களில் இயந்திர அறைப் பணியாளராக இருந்து ஓய்வு பெற்றவர். ஊர் மழை, பருத்தி விலை, கோவில்பட்டிக் கடலைமிட்டாய் என்று பேச்சு எங்கெங்கோ சென்று, முடிவில் அவர் கண்ட தீவுகளில் வந்து நின்றது.

"சாமி, நரகத்தக் கண்ணால பாத்தவன் நான்" என்று சொல்லிச் சிரித்தார். நார்கொண்டம் என்ற தீவைத்தான் அவர் சொன்னார். 'நரக குண்டம்' என்ற சொல்லே நாளடைவில் நார்கொண்டம் ஆயிற்று எனக் கருதுவோர் உண்டு. அருகே தீக்கக்கும் பாரன் தீவுக்கு உரியதாக இருந்த பெயர் தவறுதலாக இதற்கு வந்திருக்கலாம் என்றும் சொல்லப்பட்டுள்ளது. "பேருதான் நரகம். கப்பல் மேல்தட்டுல இருந்து பாத்தா அடியில இருந்து உச்சி வரைக்கும் ஒரே பச்சை. நம்ம ஊருல அப்படி ஒரு பச்சைய நான் பாத்ததே இல்ல" என்றார் அவர்.

ஊர் திரும்பிய பின், அத்தீவைப் பற்றிக் கிடைத்தவற்றைத் தேடிப் படித்தோம். வாசகர்களுக்கும் அது பயன்படும் என்பதால் சுருக்கமாகச் சொல்கிறோம்.

அந்தமான் கடலில் பாரன், நார்கொண்டம் என்னும் இரு தீவுகளும் எரிமலைகளே. ஏறத்தாழ நூற்று நாற்பது கிலோமீட்டர் இடைவெளியில் இவை நிற்கின்றன. பாரன் தீவு இந்தியாவில் இன்றும் உயிரோடிருக்கும் ஒரே எரிமலை. அது 1787இல் சீறியதாகக் குறிப்புகள் உள்ளன. பத்தொன்பதாம் நூற்றாண்டில் அடங்கி, நெடுங்காலம் உறங்கி, 1991இல் மீண்டும் விழித்தது. அதன் பின்னரும் பலமுறை நெருப்பையும் சாம்பலையும் உமிழ்ந்துள்ளது. நார்கொண்டமோ வரலாற்றுக்கு எட்டிய காலத்தில் சீறியதில்லை. ஏழு சதுர கிலோமீட்டருக்கும் குறைவான பரப்பு. நடுவே 710 மீட்டர் உயர்ந்த மலை. கோவில்பட்டியைச் சூழ்ந்த ஒரு பெரிய கிராமத்தின் நிலப்பரப்பை அதற்கு ஈடாகச் சொல்லலாம். அவ்வளவே அந்தத் தீவு.

கடலடியிலிருந்து நெருப்பாக எழுந்து வந்த மலையில் தொடக்கத்தில் ஒரு புல்லும் இராது. காற்று கொண்டுவந்தது, அலை ஒதுக்கியது, பறவையின் வயிற்றில் வந்தது என ஒவ்வொன்றாகச் சேர்ந்து, பல்லாயிரம் ஆண்டுகளில் காடாகிறது. வந்து சேர்ந்த உயிர்கள் மற்ற நிலத்தோடு உறவற்று, அங்கேயே வாழ்ந்து, அந்த இடத்துக்கே உரியவையாக மாறுகின்றன. அப்படி நார்கொண்டத்துக்கே உரியதாக வளர்ந்தது ஓர் இருவாட்சிப் பறவை. உலகில் வேறெங்கும் அது காட்டில் வாழ்வதில்லை. பிற்காலத்தில், 1885இல் காங்கிரஸ் பேரியக்கம் தோன்றக் காரணராயிருந்த ஹியூம், 1873இல் அத்தீவுக்குச் சென்று இப்பறவையை உலகுக்கு அறிமுகப்படுத்தினார்.

இருவாட்சியின் இல்லறம் அறியத்தக்கது. முட்டையிடும் காலம் வந்ததும் பெண்பறவை முதிர்ந்த மரத்தின் பொந்துக்குள் புகுந்து, அலகு நுழையும் அளவுக்கு மட்டும் பிளவு விட்டு, வாயிலை அடைத்துக் கொள்கிறது. உள்ளிருக்கும் காலத்தில் தன் சிறகுகளையும் உதிர்த்துவிடுகிறது. ஆண்பறவை நாள்தோறும் அத்திப்பழங்களையும் பிற கனிகளையும் கொணர்ந்து அப்பிளவின் வழியே ஊட்டுகிறது. அது வாராதொழிந்தால் உள்ளே இருப்பவை பட்டினி கிடக்கும். ஒரு பறவையைக் கொன்றவன் உண்மையில் எத்தனை உயிர்களைக் கொன்றான் என்பது அவனுக்கே தெரியாது. உண்ட கனிகளின் வித்துகளை அப்பறவை தீவெங்கும் விதைக்கிறது. காடு பறவைக்குப் பொந்தும் கனியும் தருகிறது. பறவை காட்டுக்கு வாரிசுகளைத் தருகிறது.

இத்தீவில் 1969இல் ஒரு காவல் சாவடி அமைந்தது. நாட்டின் எல்லைப் பக்கம் இருப்பதால் அது தேவையே. பயிர் வைப்பதற்காகக் காட்டின் ஒரு பகுதி திருத்தப்பட்டு, வாழையும் தென்னையும் வைக்கப்பட்டன. 1976இல், அங்குத் தங்கியோரின் உணவுக்காகச் சில ஆடுகள் கொண்டுவரப்பட்டன. மறு ஆண்டே, அதாவது 1977இல், தீவு வனவிலங்குச் சரணாலயமாக அறிவிக்கப்பட்டது. ஆனால் ஆடுகள் அறிவிப்பைப் படிப்பதில்லை. புலியும் நரியும் இல்லாத இடத்தில் அவை பெருகி, நூற்றுக்கணக்கில் காட்டுக்குள் அலைந்தன.

இங்கே நாம் ஒன்றைக் கவனிக்க வேண்டும். ஆடு முதுமரத்தை ஒன்றும் செய்வதில்லை. நிலத்திலிருந்து தலைகாட்டும் கன்றைத்தான் கடிக்கிறது. ஆகவே ஆடு புகுந்த காடு பல ஆண்டுகளுக்குப் பச்சையாகவே தோன்றும். கப்பலிலிருந்து காண்பவர் அதைப் புகழவும் செய்வார். தாத்தாக்களும் பாட்டிகளும் இருந்து, பேரப்பிள்ளைகள் இல்லாத ஊரைப் போன்றது அந்தக் காடு. நம் கரிசல் கிராமங்கள் பலவற்றில் இளையோரெல்லாம் திருப்பூருக்கும் சென்னைக்கும் போய்விட, திண்ணையில் முதியோர் மட்டும் அமர்ந்திருப்பதைப் பார்க்கிறோம் அல்லவா? ஊர் இருப்பது போலத்தான் தெரியும். அந்த முதியோர் மறையும் நாளில்தான் ஊர் இல்லை என்பது தெரியவரும்.

கோயம்புத்தூரிலுள்ள சாலிம் அலி பறவையியல் மையத்தைச் சேர்ந்த ஆய்வாளர் இரவி சங்கரன் என்பார், 1990களின் இறுதியில் அத்தீவில் தங்கிப் பறவைகளை எண்ணினார். அப்போது சில நூறு இருவாட்சிகளே இருந்தன. ஆடுகளை அகற்றியே ஆக வேண்டும் என்று அவர் வலியுறுத்தினார். அம்மையத்தின் இயக்குநராயிருந்த அவர் 2009இல் காலமானார். ஆடுகள் படிப்படியாக அகற்றப்பட்டன. 2012இல் அங்கே ஒரு ரேடார் நிலையம் அமைக்கும் திட்டத்துக்குச் சுற்றுச்சூழல் அமைச்சகம் அனுமதி மறுத்தது. நாட்டின் பாதுகாப்பை முன்னிட்டு 2014இல் அனுமதி தரப்பட்டது. அண்மையில் நடந்த ஓர் ஆய்வு, தீவில் ஏறத்தாழ ஆயிரம் இருவாட்சிகள் வாழ்வதாக மதிப்பிட்டுள்ளது. ஆயிரம் என்பது நமக்கு ஆறுதல் தரும் எண்தான். ஆனால் ஓர் இனத்தின் உலக மக்கட்தொகையே ஆயிரம் என்றால், அது நம் பங்கின் திருவிழா அசனத்துக்கு வந்து போகும் கூட்டத்தைவிடக் குறைவு.

இது நார்கொண்டத்தின் கதை மட்டுமன்று. மொரீசியசுத் தீவும் எரிமலையால் ஆனதே. கரும்புத் தோட்டங்களுக்குக் கூலிகளாக நம் தமிழ் மக்கள் பலர் கப்பலேறிச் சென்ற நாடு அது. அவர்கள் போய்ச் சேர்வதற்கு வெகுகாலம் முன்பே அங்கே டோடோ என்னும் பறவை அழிந்துவிட்டது. டச்சுக்காரர் 1598இல் அக்கரையில் இறங்கினர். ஒரு நூற்றாண்டு முடியுமுன்னே, பறக்க மாட்டாத அப்பறவை உலகில் இல்லாமற்போயிற்று. மனிதர் கொன்று தின்றது ஒரு பங்கு என்றால், அவர்களோடு வந்த பன்றியும் எலியும் குரங்கும் முட்டைகளை அழித்தது பெரும் பங்கு. பசிபிக் கடலில் கலாபகசுத் தீவுக் கூட்டத்தின் பிந்தா என்ற எரிமலைத் தீவில், 1959இல் மூன்று ஆடுகள் விடப்பட்டன. பதினைந்து ஆண்டுகளுக்குள் அவை பல்லாயிரமாகப் பெருகின. அத்தீவின் ஆமையினத்தில் எஞ்சியது ஒன்றே ஒன்று. 1971இல் கண்டெடுக்கப்பட்ட அந்த ஆமை, தன் இனத்தில் துணை காணாமலே 2012 சூனில் இறந்தது. மூன்று ஆடுகளை விட்டவர் தீய எண்ணத்தோடு விட்டிருக்க மாட்டார். மறுமுறை வரும்போது உணவாகும் என்று கருதியிருப்பார். அவ்வளவுதான்.

பாரன் தீவில் 1991இல் எரிமலை வெடித்ததற்குப் பின்னர், 1993இல் சென்று பார்த்த நிலவியல் அறிஞர்கள், முன்பு அறியப்பட்டிருந்த பதினாறு பறவையினங்களில் ஆறை மட்டுமே கண்டதாக எழுதினர். எரிமலையும் அழிக்கத்தான் செய்கிறது. ஆனால் நெருப்பு அடங்கிய பிறகு சாம்பலிலிருந்து புல் எழுகிறது. விட்டுப்போன பறவை திரும்பி வருகிறது. ஆடு மேயும் நிலத்தில் அடங்கும் நேரம் என்பது கிடையாது. அதற்கு நாள்தோறும் பசிக்கும்.

இவற்றையெல்லாம் படித்து, மறையுரைக்கு ஏற்ற செய்தி கிடைத்ததென்று மகிழ்ந்திருந்தோம். நாம் செய்த காரியம் அதுவரை நினைவுக்கு வரவில்லை.

2016ஆம் ஆண்டின் வடகிழக்குப் பருவமழை பொய்த்ததை எவரும் மறந்திருக்க மாட்டார்கள். கரிசல் மண் மானாவாரி மண். மழை பெய்தால் களிம்பாகக் காலைப் பிடிக்கும். பெய்யாவிட்டால் கை நுழையும் அளவுக்கு வெடிக்கும். அவ்வாண்டு உளுந்தும் பாசியும் மக்காச்சோளமும் முளைத்த இடத்திலேயே கருகின. அந்த ஆண்டுதான் நாம் அப்பங்கின் பொறுப்பை ஏற்றிருந்தோம். பங்குக்கு உட்பட்ட சிற்றூர் ஒன்றில், கணவனை இழந்த பெண்கள் நடத்தும் குடும்பங்கள் பதினெட்டு இருந்தன. வெளிநாட்டில் வாழும் பங்கு மக்கள் சிலர் அனுப்பிய நன்கொடையைக் கொண்டு, 2017இல் குடும்பத்துக்கு இரண்டு பெட்டையாடுகள் வீதம் வாங்கிக் கொடுத்தோம். நம் வட்டாரத்துக்கே உரிய கொடியாடுகள். நெடிய கால்களும், வெண்ணிற உடலில் கரும்புள்ளி தெளித்த கரும்போறையும், செம்புள்ளி தெளித்த செம்போறையுமாகக் காண்பதற்கே அழகானவை. ஆடுகளைக் கோவில் முற்றத்தில் நிறுத்தி, தீர்த்தம் தெளித்து ஆசீர்வதித்து ஒப்படைத்தோம். பலுகிப் பெருகுக என்று வாழ்த்தினோம். அவையும் அப்படியே செய்தன.

அந்த ஆடுகள் அக்குடும்பங்களைக் காத்தன என்பதில் ஐயமில்லை. 2020இல் பொதுமுடக்கம் வந்து தீப்பெட்டி ஆலைகள் மூடிக்கிடந்தபோது, அப்பெண்களின் வீடுகளில் உலை கொதித்தது ஆட்டை விற்ற காசில்தான். ஒருத்தி தன் மகளைச் செவிலியர் படிப்பில் சேர்த்தாள். இன்னொருத்தி வட்டிக்கடனை அடைத்தாள். மறைமாவட்டக் கூட்டங்களில் நாம் இத்திட்டத்தைப் பெருமையோடு எடுத்துச் சொன்னதும் உண்டு.

அச்சிற்றூருக்கு மேற்கே ஒரு குன்று இருக்கிறது. நாற்புறமும் உழவு நிலம் சூழ, நடுவே அது தனித்து நிற்கும். உடைமரமும் வெள்வேலும் கிளுவையும் விடத்தலையும் இலந்தையும் நிறைந்த காடு. புள்ளிமானும் முயலும் கவுதாரியும் அங்கு உண்டு. தீவு என்பதற்குக் கடல் சூழ்ந்திருக்க வேண்டும் என்பதில்லை. ஓர் உயிர் தாண்டிச் செல்ல முடியாதவாறு வேறொன்று சூழ்ந்திருந்தால் அதுவும் தீவே என்பது உயிரியல் அறிஞர் கருத்து. திருநெல்வேலியிலிருந்து தூத்துக்குடி செல்லும் வழியில் வல்லநாட்டுக் குன்றைப் பலர் பார்த்திருப்பீர்கள். 1987இல் சரணாலயமாக அறிவிக்கப்பட்ட அக்குன்றில், ஏறத்தாழ பதினாறு சதுர கிலோமீட்டருக்குள் வெளிமான்கள் வாழ்கின்றன. அவற்றைச் சூழ்ந்திருப்பது கடலன்று. சாலையும் வயலும் வீட்டுமனையும்தான்.

2022 கோடையில் ஒருநாள் காலைத் திருப்பலிக்கு முன், கோவில் வளாகத்தில் நாய்களின் குரைப்பு கேட்டு உபதேசியார் ஓடினார். கெபியின் அருகே ஒரு பெண்மான் விழுந்து கிடந்தது. பின்தொடை கிழிந்திருந்தது. குடம் ஒன்றில் தண்ணீர் கொண்டுவந்து முகத்தில் தெளித்தோம். நம்மைக் கண்டு எழ முயன்றது. முடியவில்லை. வனத்துறைக்குச் செய்தி சொல்லி அவர்கள் வருவதற்குள் இறந்துவிட்டது. வயிறு ஒட்டிக் கிடந்ததைப் பார்த்த முதிய ஆட்டிடையர் ஒருவர், "தண்ணிக்கு மட்டும் வரல சாமி, தீனிக்கும் வந்திருக்கு. மேல ஒண்ணும் இல்ல" என்றார்.

மேலே ஏன் ஒன்றும் இல்லை என்று கேட்டோம். அவர் எம் முகத்தைப் பார்த்தார். பதில் சொல்லத் தயங்கினார். பின்னர், "நாம குடுத்த ஆடுதான் சாமி" என்றார். 'நாம' என்று அவர் சொன்னது மரியாதைக்காக.

அன்று மாலை அவரோடு குன்றின் மேல் ஏறினோம். முதுமரங்கள் நின்றன. ஆவாரைப் புதர்கள் நின்றன, ஆடு அதைத் தொடாது என்பதால். அவற்றுக்கிடையே தரை வெறுமையாகக் கிடந்தது. கணுக்கால் உயரத்துக்கு ஓர் உடைக்கன்றையோ வெள்வேல் கன்றையோ காண முடியவில்லை. முளைத்திருந்தவை சீமைக்கருவேலங் கன்றுகளே. ஆடுகள் அதன் நெற்றுகளை விரும்பித் தின்னும். வித்து செரிக்காமல் புழுக்கையோடு விழுந்து, எருவும் கிடைத்ததால் செழித்து முளைக்கும். நார்கொண்டத்தில் இருவாட்சி அத்தியை விதைக்கிறது என்று படித்தோமே, இங்கே நாம் ஆசீர்வதித்த ஆடுகள் அமெரிக்கக் கண்டத்து முள்ளை விதைத்துக் கொண்டிருந்தன. முப்பத்தாறாகக் கொடுத்தவை இருநூற்றைத் தாண்டியிருந்தன.

இதற்கிடையில், காப்புக்காட்டுக்குள் ஆடு மேய்த்ததாக ஒரு விதவைத் தாய்க்கு அபராதம் விதிக்கப்பட்டது. அவர் நேரே எம்மிடம் வந்தார். அபராதத் தொகையைக் கடனாகக் கேட்டார். கொடுத்தோம். கொடுத்ததோடு நில்லாமல், இனி ஆட்டை மலைக்கு ஓட்டக் கூடாது என்றும், மானும் முயலும் இறைவனின் படைப்புதான் என்றும் விரிவாகச் சொன்னோம். நார்கொண்டத்தையும் சொன்னோம். அவர் பொறுமையாகக் கேட்டுக்கொண்டிருந்தார். முடிவில் எழுந்து, முந்தானையைச் சரிசெய்துகொண்டு சொன்னார்: "எல்லாஞ் சரி சாமி. ஆட்டக் குடுத்தது நீங்க. மேய எடம் குடுத்தது யாரு?"

குருத்துவக் கல்லூரியில் நான்காண்டுகள் இறையியல் பயின்றோம். படைப்பைப் பற்றிய பாடம் சில வாரங்களில் முடிந்துவிட்டது. மீட்பைப் பற்றிய பாடம் ஆண்டு முழுவதும் நடந்தது. பொதுநன்மை, உரிமை, கடமை என்று தேர்வுகளில் பக்கம் பக்கமாக எழுதினோம். எழுத்தறியாத அத்தாய் கேட்ட கேள்விக்கு அவற்றுள் எதிலும் விடை கிடைக்கவில்லை.

ஏனெனில் அவர் கேட்டது நியாயம். அந்த ஊருக்கு முன்பு மந்தையும் மேய்ச்சல் புறம்போக்கும் இருந்தன. அறுவடை முடிந்த கரிசல் காட்டில் ஆடுகள் மேயும். இரவில் கிடை போட்டால் நிலத்துக்காரர் தானியம் கொடுப்பார். இன்று நிலங்கள் பல கைமாறிவிட்டன. சிலவற்றில் மனைக்கற்கள் நிற்கின்றன. சிலவற்றைச் சூரிய மின்தகடுகள் மூடியுள்ளன. கம்பிவேலி இல்லாத நிலம் குறைந்துவிட்டது. உழவு நிலத்தில் களைக்கொல்லி தெளிப்பதால் வரப்பில் புல்லும் இல்லை. எல்லாப் பக்கமும் அடைபட்ட ஆட்டுக்குத் திறந்திருந்த ஒரே வழி, குன்றுக்கு ஏறும் ஒற்றையடிப் பாதை. நாம் ஆட்டைக் கொடுத்தபோது இதை எண்ணவில்லை. பசித்தவருக்கு உதவ வேண்டும் என்ற ஒன்றை மட்டுமே எண்ணினோம். பிந்தாத் தீவில் மூன்று ஆடுகளை விட்டவருக்கும் நமக்கும் என்ன வேறுபாடு?

நார்கொண்டத்தில் ஆடுகளை அகற்ற முடிந்தது. அங்கு எந்தத் தாயின் அடுப்பும் அந்த ஆடுகளை நம்பி எரியவில்லை. சாவடியில் இருந்தோருக்குக் கப்பலில் உணவு வந்தது. எம் குன்றுக்கோ அவ்வழி பொருந்தாது. மானைக் காக்க விதவையைப் பட்டினி போடு என்று நல்லாயன் சொல்ல மாட்டார். விதவையைக் காக்க மானைச் சாகவிடு என்றும் அவர் சொல்வார் எனத் தோன்றவில்லை. யோனா ஆகமத்தின் இறுதியில், நினிவே நகரத்து மக்களுக்காக மட்டுமன்றி அங்கிருந்த கால்நடைகளுக்காகவும் ஆண்டவர் இரங்குகிறார். பலமுறை வாசித்த பகுதிதான். அவ்வரியை நாம் கவனித்தது அந்த ஆண்டில்தான். திருத்தந்தை பிரான்சிசு 2015இல் வெளியிட்ட சுற்றுமடலில், மனிதரால் அழிந்துபோகும் உயிரினங்கள் தங்கள் இருப்பால் இறைவனுக்குச் செலுத்திவந்த மகிமையை இனிச் செலுத்தா என்று வருந்துகிறார். ஏழையின் அழுகுரலையும் பூமியின் அழுகுரலையும் சேர்த்தே கேட்கவேண்டும் என்பதும் அம்மடலின் கருத்து. சேர்த்துக் கேட்பது எளிதென்று எண்ணியிருந்தோம். இரண்டு குரல்களும் ஒன்றுக்கொன்று எதிராக ஒலிக்கும்போது என்ன செய்வது என்பதை அக்கோடையில்தான் கற்கத் தொடங்கினோம்.

ஞாயிறு திருப்பலிக்குப் பின் பதினெட்டுக் குடும்பங்களையும் அழைத்தோம். முதலில், தவறு எம்முடையது என்று சொன்னோம். எவரும் பேசவில்லை. பின்னர் அந்த முதிய இடையரே வழி சொன்னார். கிடாய்க்குட்டிகளை எட்டயபுரம் சந்தையில் உரிய காலத்தில் விற்றுவிடுவது. குடும்பத்துக்கு ஐந்து உருப்படிக்கு மேல் வைத்துக்கொள்ளாதிருப்பது. மழை தொடங்கி கன்றுகள் தலையெடுக்கும் மாதங்களில் மலைப்பக்கம் போகாதிருப்பது. அம்மாதங்களுக்குத் தீவனம் வேண்டுமே! கோவிலுக்குச் சொந்தமான மூன்று ஏக்கர் நிலம் சீமைக்கருவேலம் மண்டிக் கிடந்தது. அதை வெட்டிக் கரிமூட்டம் போடுபவருக்கு விற்று, கிடைத்த பணத்தில் நிலத்தைத் திருத்தி, வேலியோரம் அகத்தியும் உள்ளே தீவனச் சோளமும் விதைத்தோம். நெற்றுகளை இடித்துக் கொடுத்தால் வித்து முளைக்காது என்று ஒருவர் சொல்லித் தந்தார். அப்படியே செய்தார்கள்.

இது வெற்றிக் கதை என்று வாசகர்கள் எண்ணிவிட வேண்டாம். மூன்று ஏக்கர் தீவனம் அத்தனை ஆடுகளுக்கும் போதவில்லை. நான்கு குடும்பங்கள் உடன்பாட்டை மீறின. அவர்களை நாம் கடிந்துகொள்ளவில்லை. கடிந்துகொள்ளும் உரிமை எமக்கு இருந்ததாகத் தோன்றவில்லை. கேள்வி கேட்ட அந்தத் தாயோ, இரண்டை மட்டும் வைத்துக்கொண்டு மற்ற ஆடுகளை விற்றுவிட்டுத் தீப்பெட்டி ஆலைக்கு வேலைக்குப் போனார். காலையில் ஆட்டோடு காற்றாட நடந்தவர், இப்போது மருந்து வாடையில் அமர்ந்திருக்கிறார். அவருக்கு நாம் நன்மை செய்தோமா, தீமை செய்தோமா என்று இன்றளவும் தீர்மானிக்க இயலவில்லை. குன்றைப் பற்றியும் உறுதியாகச் சொல்ல ஏதுமில்லை. இரண்டு மழைக்காலம் கழிந்தபின் கீழ்ச்சரிவில் முழங்கால் உயரத்துக்குச் சில வெள்வேல் கன்றுகள் நின்றன. எண்ணினோம், நாற்பத்தொன்று. மேற்குச் சரிவில் ஒன்றும் இல்லை.

சென்ற ஆண்டு எமக்குப் பணிமாற்றம் வந்தது. இப்போது இருப்பதும் கரிசல் நிலத்துப் பங்குதான். இங்கே நாம் முதலில் செய்த காரியம், நிலத்தைச் சுற்றிப் பார்த்ததே. யாருக்கும் எதையும் கொடுக்குமுன், கொடுப்பது எங்கே போய் நிற்கும், எதைத் தின்னும், யாருடைய இடத்தில் படுக்கும் என்று கேட்டுக்கொள்கிறோம். அன்பு வாசகர்களே, உங்கள் பங்குகளிலும் இத்தகைய உதவித் திட்டங்கள் நடைபெறலாம். ஆடு கொடுப்பவர்கள் ஆட்டோடு தீவனத்துக்கும் வழி செய்யுங்கள். ஆழ்துளைக் கிணறு அமைத்துக் கொடுப்பவர்கள் அடுத்த கிணற்றின் நீர்மட்டத்தையும் கேளுங்கள். ஊருக்குப் பொதுவான மேய்ச்சல் நிலம் ஏதேனும் எஞ்சியிருந்தால், அதைக் காப்பதை அன்பியக் கூட்டங்களில் பேசுங்கள். அறம் செய்வதற்கு முன் அந்த இடத்தை ஒருமுறை நடந்து பார்ப்பது நல்லது. இதை அறிந்துகொள்ள நமக்கு ஐம்பது வயது கடக்க வேண்டியிருந்தது.

இவ்வாண்டுத் திருவிழாவுக்கு எம்மைப் பழைய பங்குக்கு அழைத்திருந்தார்கள். நேர்ச்சை ஆடுகளை ஏலம் விடும் நேரத்தில், அந்தத் தாய் ஒரு செம்போறைக் குட்டியைக் கயிற்றில் பிடித்தபடி வந்தார். இளைத்திருந்தார். மகள் செவிலியராகப் பணியில் சேர்ந்த மகிழ்ச்சியைச் சொன்னார். கயிற்றை எம் கையில் கொடுத்துவிட்டு, "இதாவது மலைக்குப் போகாது சாமி" என்றார். சிரித்துத்தான் சொன்னார். அதில் மன்னிப்பும் இருந்திருக்கலாம், குற்றச்சாட்டும் இருந்திருக்கலாம். ஏலம் முடிய நெடுநேரம் ஆகும் என்றார்கள். குட்டியைப் புங்கமரத்தடியில் கட்டிவிட்டு, கோவில் நிலத்துக்குச் சென்று ஒரு கை அகத்தி ஒடித்து வந்து அதன் முன் போட்டோம். பசியோடு தின்றது. தின்று முடியும்வரை அருகிலேயே நின்றுகொண்டிருந்தோம்.